பதினோராவது நிமிடத்தில் ஒரு குரல்

பாரிசில் இருக்கும் என் மகனே, நான் நன்றாக இருக்கிறேன் என்று எழுதினால் நீ நம்பப் போவதில்லை. நீ அனுப்பிய படத்தைப் பார்த்த நாளிலிருந்து எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. காரணம் நீதான். ஆவணியில் உனக்குக் கல்யாணம். கல்யாண மாப்பிள்ளையிடம் அப்பன் சண்டை பிடிக்கக் கூடாது என்று நாலு நாள் வாயைக் கட்டிக்கொண்டிருந்தேன். போனில் நீ, "எப்படிப்பா இருந்துச்சு படம்?" என்று கேட்டபோது, "நல்லாருக்குலே" என்று சொல்லி வைத்துவிட்டேன். அது முழுப் பொய். படம் நல்லாயிருக்கிறதா இல்லையா என்று யோசிக்கிற நிலையிலேயே நான் இல்லை. போனில் கேட்க வாய் வராததையும் சொல்ல வாய் வராததையும் எழுதியாவது தீர்ப்போம் என்று உட்கார்ந்திருக்கிறேன். நீளமாகத்தான் வரும்போலத் தெரிகிறது. நின்றுகொண்டே படிக்காதே.

நான் ஒரு சந்தேகப் பிராணி என்பது உனக்குத் தெரியும். முப்பத்தைந்து வருடம் ராஜபாளையத்தில் மைக் செட் வாடகைக்கு விட்டவன் வேறெப்படி இருப்பான்? கல்யாண வீட்டில் எல்லோரும் பெண்ணையும் மாப்பிள்ளையையும் பார்த்துக்கொண்டிருப்பார்கள். நான் என் வயர் எந்தப் பக்கம் போகிறது என்று பார்த்துக்கொண்டிருப்பேன். செட்டியார்பட்டியில் ஒரு காதுகுத்துக்குப் புது மைக்கைக் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு, உள்ளே தலை செத்துப்போன வேறொரு மைக்கைச் சமத்தாக வாங்கிக்கொண்டு வந்து நின்றவன் நான். அன்றிலிருந்து என் மைக் எல்லாவற்றுக்கும் அடியில் சிவப்பாக ஒரு பொட்டு வைத்தேன். அது உன் அம்மாவின் நகப்பாலிஷ். "எனக்கு வாங்கிக் குடுத்துட்டு நீங்களே பூசிக்கிடுறிய" என்று அவள் கேலி செய்வாள். யார் வீட்டில் காபி கொடுத்தாலும் குடித்துவிடுவேன்; யார் சொல்வதையும் உடனே நம்பிவிட மாட்டேன். அந்தப் புத்தியோடுதான் உன் படத்தையும் பார்க்க உட்கார்ந்தேன்.

உன் படம் பத்தொன்பது நிமிடம். மகன் சவுண்டு செய்த படமாயிற்றே, டிவிப் பெட்டியின் சத்தத்தில் பார்த்தால் மரியாதையில்லை என்று வயரை இழுத்து என் ஆம்ப்ளிஃபயரில் கொடுத்து, இரண்டு பெரிய பாக்ஸையும் வைத்துக்கொண்டேன். முதல் நாலு நிமிடம் சத்தமே இல்லை. ஒரு கிழவர், ஒரு சன்னல், மூடி போட்ட ஒரு பியானோ. நான் எழுந்துபோய் வயரைப் பிடுங்கி மறுபடி குத்தினேன். பாக்ஸைத் தட்டினேன். பியூஸைக்கூடக் கழற்றிப் பார்த்தேன். அப்புறம் அந்தக் கிழவர் நாற்காலியை நகர்த்தினார். கிரீச் என்று கேட்டது. அப்போதுதான் மெஷினில் கோளாறு இல்லை, பிரெஞ்சுக்காரர்கள் படமே இப்படித்தான் எடுப்பார்கள்போல என்று புரிந்தது. இதற்கு எதற்கு ஒரு சவுண்டுக்காரன், இவர்கள் என் மகனை வைத்து என்ன செய்கிறார்கள் என்று முதல் சந்தேகம் அங்கேயே வந்துவிட்டது.

கதை எனக்குப் புரிந்தது, கீழே நீ தமிழில் எழுத்துப் போட்டிருந்தாய். பியானோ சொல்லிக்கொடுத்த வாத்தியார் அவர். இப்போது எல்லாம் மறந்துபோகிறது. மகள் சூப் கொண்டுவந்து கொடுத்தால், ரொம்ப மரியாதையாக, "நீங்கள் யார்?" என்று கேட்கிறார். அந்தப் பெண் அழவும் இல்லை, கோபப்படவும் இல்லை; கிண்ணத்தைக் கழுவி வைத்துவிட்டுப் போகிறாள். பதினோராவது நிமிடத்தில் சுவருக்கு அந்தப் பக்கம், பக்கத்து வீட்டுக்கு எங்கிருந்தோ குடிவந்த ஒரு பெண் வார்த்தை இல்லாமல் ஒரு ராகத்தை முணுமுணுக்கிறாள். அவள் முகத்தைக் கடைசிவரை காட்டவில்லை. கிழவர் சுவரில் காதை வைக்கிறார். பியானோவைத் திறந்து ஒற்றை விரலால் அந்த ராகத்தைத் தேடுகிறார். தேடிக்கொண்டிருக்கும்போதே மகளின் பேர் வாயில் வந்துவிடுகிறது. ஆனால் மகள் அப்போது அங்கே இல்லை. அத்தோடு படம் முடிகிறது.

அந்தப் பதினோராவது நிமிடத்தில் நான் எழுந்து நின்றுவிட்டேன். சுவருக்கு அந்தப் பக்கம் பாடியது உன் அம்மா.

உன் அம்மா என்ன பாடுவாள் என்று எனக்குத் தெரியும். பேண்டேஜ் துணியை மூட்டையாக வீட்டுக்கு வாங்கிவந்து, கையால் சுருட்டிச் சுருட்டிக் கொடுப்பதுதான் அவள் வேலை. சுருட்டும்போது பாடுவாள். அவளே கட்டிய ராகமோ, எங்கோ கேட்டதோ, கேட்டால் சொல்ல மாட்டாள். ஒரு சுருள் முடிகிற இடத்தில் பாட்டு நின்றுவிடும். துணியைக் கத்தரியால் வெட்டி, அடுத்த சுருளை ஆரம்பிக்கும்போது, விட்ட இடத்திலிருந்து பிடிப்பாள். சங்கீதம் தெரிந்தவன் யாரும் அந்த இடத்தில் நிறுத்த மாட்டான். துணி முடிந்ததால் நின்ற பாட்டு அது. உன் படத்தில் அந்தப் பெண்ணும் சரியாக அதே இடத்தில் நிறுத்தினாள். பாரிசில் எந்த வீட்டில் பேண்டேஜ் சுருட்டுகிறார்கள்?

மறுபடி போட்டேன். ஏழெட்டுத் தடவை போட்டேன். குரல் அவள் குரல் மாதிரியும் இருந்தது, இல்லாத மாதிரியும் இருந்தது. முடிவில் ஒரு சின்ன இழுப்பு, மேலே ஏறி இறங்கியது. அவள் அப்படி இழுப்பாளா? எனக்கு நிச்சயமாகத் தெரியவில்லை. படம் முடிந்து பேர் போடும்போது உன்னிப்பாகப் படித்தேன். எல்லோருக்கும் பேர் போட்டிருக்கிறாய், சூப் வைத்துக் கொடுத்தவருக்குக்கூட. 'பக்கத்து வீட்டுப் பெண்ணின் குரல்' என்ற இடத்தில் மட்டும் ஒரு கோடு. சந்தேகம் வராதவனுக்கும் சந்தேகம் வருமா வராதா, நீயே சொல்.

இப்போது நான் ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். உன் அம்மாவின் குரல் ஒரு கேசட்டில் இருந்தது. புதிதாக டபுள் டெக் டேப் ரெக்கார்டர் வாங்கிய வாரம், மைக் எவ்வளவு தூரம் இழுக்கிறது என்று பார்ப்பதற்காக அறைக்கு வெளியே மைக்கை வைத்துவிட்டு, அவள் பாடுவதை அவளுக்குத் தெரியாமல் பிடித்தேன். போட்டுக் காட்டியதும் முகம் சிவந்துவிட்டது. "ஏங்க, என்னயவா பிடிச்சு வச்சிருக்கிய? ஆராச்சும் கேட்டாச் சிரிப்பாக. இப்பவே அழிச்சிருங்க" என்றாள். "சரி, அழிச்சிருதேன்" என்றேன். அழிக்கவில்லை. கேசட்டின் முதுகில் இரண்டு ஓரத்திலும் சின்ன பிளாஸ்டிக் காது இருக்கும் அல்லவா, அதை ஒடித்துவிட்டால் அதன்மேல் வேறெதுவும் பதிய முடியாது. அதை ஒடித்தேன். பக்கத்தில் நின்று பார்த்த உனக்கு மட்டும்தான் அது தெரியும். அவள் கண்ணில் படக் கூடாது என்பதால் மேலே பேர் எழுதவில்லை. அவ்வளவு புத்திசாலி உன் அப்பன்.

அவள் கண்ணை மூடியபோது உனக்கு எட்டு வயது. என்னால் ஒற்றையாகச் சமாளிக்க முடியவில்லை. விசேஷ வீடுகளுக்குப் போனால் வர இரண்டு நாள் ஆகிவிடும். உன்னைக் கொண்டுபோய் ஸ்ரீவில்லிபுத்தூரில் உன் சித்தி வீட்டில் விட்டேன். அடுத்த ஆடியில், தேரோட்டத்துக்கு நாலு நாள் இருக்கும்போது, அந்த ஊர் ஜவுளிக்கடைக்காரர் ஒருவர் ஆட்டோவில் குழாய் ஸ்பீக்கர் கட்டிப் போக விளம்பரம் கேட்டு வாசலில் வந்து நின்றார். அவசரம். பெட்டியைத் துழாவினேன். பேர் இல்லாத ஒரு கேசட், காது ஒடிந்தது. எவனோ விட்டுப்போன பழைய பாட்டு என்று நினைத்தேன். காது ஒடிந்த ஓட்டையின்மேல் செல்லோடேப் ஒட்டினால் மெஷின் ஏமாந்துவிடும். தொழிலில் எல்லோரும் செய்வதுதான். ஒட்டினேன், ஆடித் தள்ளுபடியைப் பதிந்தேன், அனுப்பினேன். தேர் முடிந்து கேசட் திரும்பி வந்தபோது ஓடவிட்டுப் பார்த்தேன். தள்ளுபடியெல்லாம் முடிந்த பிறகு, கடைசியில், கத்தரிக்கோலைத் தரையில் வைக்கும் சத்தம் கேட்டது. அவ்வளவுதான் மிச்சம். அந்த ஆட்டோ நீ படித்த பள்ளிக்கூட வாசலையும் தாண்டித்தான் தினமும் போயிருக்கும்.

பன்னிரண்டு வயதில் திரும்பி வந்ததும் நீ கேட்ட முதல் கேள்வி அந்தக் கேசட். "பூஞ்ச பிடிச்சுப் போச்சுலே, தூக்கிப் போட்டுட்டேன்" என்றேன். நான் தூக்கிப் போடவில்லை. அந்தக் கேசட் இன்றைக்கும் என் இரும்புப் பெட்டியில் இருக்கிறது. இருபத்தைந்து வருடமாக உன்னிடம் மறைத்துவைத்த விஷயம் இது. எனக்கு அசிங்கமாக இருக்கிறது, மகனே.

ஆகவே உன் படத்தில் அந்தக் குரலைக் கேட்டதும் எனக்குச் சந்தோஷம் வரவில்லை, பயம்தான் வந்தது. இவனுக்கு எல்லாம் தெரிந்துவிட்டது, அப்பனுக்குச் சொல்லாமல் சொல்வதற்காகத்தான் இந்தப் படத்தை அனுப்பியிருக்கிறான் என்று நினைத்தேன். இரும்புப் பெட்டியைத் திறந்து பார்த்தேன். கேசட் இருந்தது, செல்லோடேப் மஞ்சளாகி அப்படியே ஒட்டியிருந்தது. சரி, அழிந்ததை மீட்கிற மெஷின் எதுவும் வந்திருக்கிறதோ? செத்தவர் குரலைக் கம்ப்யூட்டரே செய்து கொடுத்துவிடுகிறது என்று பேப்பரில் போட்டிருந்தான். அப்படி எதுவும் செய்துவிட்டாயோ? செய்வதற்கும் அதற்கு ஒரு சாம்பிள் வேண்டுமே. ஒருவேளை கூலிக்கு ஒரு பெண்ணைப் பாடவைத்தாயா? அப்படியானால் சுருள் முடிகிற இடம் அவளுக்கு எப்படித் தெரியும்? உன்னைச் சந்தேகப்பட்டேன், அந்த டைரக்டரைச் சந்தேகப்பட்டேன், கடைசியில் என் காதையே சந்தேகப்பட்டேன். அதுதான் தாங்க முடியவில்லை. நூறு ஸ்பீக்கருக்கு நடுவில் எது கரகரக்கிறது என்று தெருமுனையிலிருந்தே சொல்லிவிடுகிற எனக்கு, கட்டின பெண்டாட்டியின் குரல் இதுவா இல்லையா என்று சொல்லத் தெரியவில்லை. நானும் அந்தக் கிழவர் மாதிரி ஆகிக்கொண்டிருக்கிறேனோ என்று பயந்தேன்.

அவள் குரலைப் பற்றிக் கேட்க எனக்கு மிச்சமிருப்பது உன் சித்தி ஒருத்திதான். வியாழக்கிழமை பஸ் ஏறி ஸ்ரீவில்லிபுத்தூர் போனேன். தேரடிப் பக்கம் அவள் வளையல் கடையில் கூட்டமில்லை. கல்யாணத்துக்கு என்ன வளையல் எடுக்கலாம் என்று பேச வந்திருக்கிறேன் என்றுதான் அவள் நினைத்தாள். போனில் அந்த இடத்தைப் போட்டு, "இதச் செத்த கேளு" என்று காதில் வைத்தேன். அவள் அழுவாள் என்று நினைத்தேன். சிரித்தாள்.

"ஆரு குரல்னு தெரியுதா?" என்றேன்.

"உங்களுக்குத் தெரியலயா அத்தான்?"

"ஒங்க அக்கா மாதிரித்தான் இருக்கு. அந்தக் கடைசி இழுப்புதான் இடிக்கு."

"அக்கா எங்க இப்படி இழுத்தா? அந்த இழுப்பு ஒங்க மகன் சேத்துக்கிட்டது. பாடுறதே அவன்தான்."

"ஏட்டி, இது பொம்பளக் குரலு."

"மெஷின்ல குரல ஏத்திப் பொம்பளக் குரலாக்கிருக்கான். அவனே சொன்னான். போன தையில போன் போட்டு, 'சித்தி, அம்மா இப்படித்தான பாடுவாக?'ன்னு பாடிக் காமிச்சான். நான்தான் ரெண்டு எடத்துல திருத்திக் குடுத்தேன்."

எனக்குச் சுர்ரென்று கோபம் ஏறியது. என் முதுகுக்குப் பின்னால் நீங்கள் இருவரும் பேசி வைத்திருக்கிறீர்கள். நான் சந்தேகப்பட்டதில் தப்பே இல்லை. "எங்கிட்ட கேக்கதுக்கு என்ன? நான் என்ன அவனக் கடிச்சுத் தின்னுருவேனா?" என்று சத்தம் போட்டேன். உன் சித்தி வளையல் அடுக்கை ஓரமாக வைத்தாள்.

"ஒங்ககிட்ட எப்படிக் கேப்பான்? நிறுத்துன்னு சொன்னதே நீங்கதான?"

"நான் எப்பச் சொன்னேன்?"

"அக்காவுக்குப் பதினாறாம் நாளு. பய அடுப்புக்குப் பக்கத்துல உக்காந்து, மிச்சம் கெடந்த துணியச் சுருட்டிக்கிட்டே பாடிக்கிட்டிருந்தான். நீங்க அம்புட்டுப் பேரு முன்னால, 'ஏலே, நிறுத்துலே. துஷ்டி வீட்டுல என்னலே பாட்டு? மைக் செட்காரன் வீட்டுலயே மொற தெரியலன்னு ஊரு சொல்லாதா?'ன்னு கத்துனிய. அன்னிக்கு வாய மூடுனவன்தான். இங்க இருந்த வருசமெல்லாம் குளிக்கும்போது மட்டும் பாடுவான், தண்ணிச் சத்தத்துல. அதுவும் 'இன்னிக்கி அப்பா வாராகளா சித்தி?'ன்னு கேட்டுக்கிட்டுத்தான் பாடுவான்."

அந்த முறை என்னவென்று உனக்குத் தெரியும். ஒரு தெருவில் சாவு விழுந்து துஷ்டி ஆகிவிட்டால், பக்கத்தில் கல்யாண வீடே நடந்தாலும் நான் குழாயை வேறு திசைக்குத் திருப்பிவிடுவேன். பதினாறு நாள் அந்தத் தெருப் பக்கம் ஒரு பாட்டுச் சத்தம் போகாது. மம்சாபுரத்திலிருந்து ராஜபாளையம் வரை இந்த விஷயத்தில் எனக்கு நல்ல பேர். துக்க வீட்டுக்காரர்கள் அதற்காகவே என்னிடம் வந்து கையைப் பிடித்துக்கொண்டு போனதுண்டு. அந்த நல்ல பேரைத்தான் அடுப்புப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த எட்டு வயதுப் பிள்ளையிடம் காப்பாற்றியிருக்கிறேன்.

பஸ்ஸில் திரும்பி வரும்போது முதலில் உன் சித்தியைச் சந்தேகப்பட்டேன். உன்னைத் தன் பிள்ளையாகவே வைத்துக்கொள்ள ஆசைப்பட்டவள், பழைய மனத்தாங்கலில் கூட்டிச் சொல்கிறாளோ என்று நினைத்தேன். சத்தியமாகச் சொல்கிறேன், அந்தப் பதினாறாம் நாளில் நீ பாடியது எனக்கு ஞாபகமில்லை. பந்தலுக்கு யார் கம்பு கொடுத்தார்கள், யார் சாப்பிடாமல் போனார்கள் என்பதெல்லாம் ஞாபகம் இருக்கிறது. இது இல்லை. பஸ் ஊர் வந்து சேர்வதற்குள் எவ்வளவோ தோண்டிப் பார்த்தேன். ஆனால் அவள் சொன்ன வார்த்தை இருக்கிறதே, 'ஊரு சொல்லாதா' என்பது, அது என் வாய்ப் பேச்சு. வேறு யாராலும் அதை இட்டுக்கட்ட முடியாது. அப்படிச் சொல்லக்கூடிய ஆள்தான் நான். ஊரில் எல்லோரையும் சந்தேகப்பட்ட எனக்கு, என்னைச் சந்தேகப்பட இத்தனை வருடம் பிடித்திருக்கிறது.

வீட்டுக்கு வந்து படத்தை மறுபடி போட்டேன். உன் அம்மா அதில் இல்லை என்று தெரிந்துகொண்டு கேட்டேன். இரண்டாவது முறையும் அவளைப் பறிகொடுத்த மாதிரி இருந்தது, அதை மறைக்க மாட்டேன். அதற்குப் பிறகு உன்னைத் தேடிக் கேட்டேன். மூச்சு விடுகிற இடத்தில் நீ தெரிந்தாய். சளி பிடித்தால் நீ மூக்கால் மூச்சிழுக்கிற மாதிரி ஒரு சின்னச் சத்தம், அதை மட்டும் மெஷினால் மாற்ற முடியவில்லை. உன் பாட்டுக் குரல் எப்படி இருக்கும் என்றே எனக்குத் தெரியாது. ஊரெல்லாம் யார் யார் பாட்டையோ கொண்டுபோய்க் கேட்கவைத்தவனுக்கு, முப்பத்து நான்கு வயது மகன் பாடி ஒரு தடவையும் கேட்கக் கொடுத்துவைக்கவில்லை. நானேதான் கெடுத்துக்கொண்டேன்.

கல்யாணம் ஆகப்போகிறவனுக்கு அப்பன் நாலு புத்தி சொல்ல வேண்டும் என்பார்கள். என்னிடம் நாலு இல்லை. உன் வேலையில் உள்ள கட்டுதிட்டங்களை வாசலோடு விட்டுவிட்டு வீட்டுக்குள் போ. நீ சவுண்டுக்காரன், சத்தம் கூடினால் குறைக்கச் சொல்வது உனக்கும் கைப்பழக்கமாகிவிடும். உன் பெண்டாட்டி சமைக்கும்போது ஸ்ருதி சேராமல் பாடுவாள், பிள்ளை பிறந்தால் இருக்கக் கூடாத இடத்தில் கத்தும். சும்மா இரு. மனதில் ஒரு சந்தேகம் வந்தால் நாலு நாள் வைத்து ஊறப்போடாமல் நேரே கேட்டுவிடு; என்னைப் போல் பஸ் ஏறி வளையல் கடைக்குப் போகாதே. அந்தக் கேசட்டை ஆவணியில் நீ வரும்போது உன் கையில் தருகிறேன். கத்தரிக்கோல் சத்தம் மட்டும்தான் இருக்கிறது, ஆனாலும் அது உன்னுடையது. மன்னிக்க வேண்டுமா வேண்டாமா என்பதை அப்போது முடிவு செய்துகொள்.

அதற்கு முன்னால் எனக்கு ஒன்று செய். இதைப் படித்து முடித்ததும் போன் போடு. சௌக்கியம் விசாரிக்க வேண்டாம், படத்தைப் பற்றியும் பேச வேண்டாம். மெஷினில் ஏற்றாமல், இறக்காமல், உன் ஆம்பிளைக் குரலில் பாடு. நான் போனை எடுத்துக் காதில் வைத்துக்கொண்டு இருப்பேன். ஹலோகூடச் சொல்ல மாட்டேன்.